பிலோமினா தன் வீட்டையே சுற்றிப் பார்க்கப் போன கதை

பிலோமினா டோலன் லேசில் யாரையும் நம்பமாட்டாள். நம்பாமல் இருப்பதற்குத்தான் அவளுக்குச் சம்பளமே கொடுத்தார்கள். அமெரிக்காவில் சவானா நகரத்து வண்டிப் பதிவு அலுவலகத்தில் கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் தலை நரைக்கும்வரை உட்கார்ந்திருந்தவள் அவள். மாமா சும்மா கொடுத்த வண்டி என்று சொல்லி வரியிலிருந்து தப்பிக்க யாராவது வந்தால் பேனாவைக் கீழே வைத்துவிடுவாள்.

“எந்த மாமா?”

“எங்கம்மாவோட தம்பி, மேடம்.”

“வண்டிய உனக்குக் குடுத்துட்டு அவரு இப்ப எதுல போறாரு?”

வந்தவன் பணப்பையை எடுத்து வரியை எண்ணத் தொடங்குவான். அதற்குமேல் அவள் கேட்கவேண்டிய அவசியம் இருக்காது.

இளவயதில் அவளுக்கு ஒரு வரன் வந்தது. உர வியாபாரி, பார்க்க லட்சணமானவன். மோதிரம் போட்டான். மறுநாளே அவள் அதை நகைக்கடைக்குக் கொண்டுபோய்க் கல் நிஜமா என்று சோதித்துப் பார்த்தாள். நிஜமான கல்தான். ஆனால் நகைக்கடைக்காரன் மாப்பிள்ளைக்குச் சிநேகிதன். விஷயம் போய்ச் சேர்ந்தது. “கல்ல மட்டுந்தான் சோதிச்சியா, நான் தூங்கறப்ப என் பல்லையும் எண்ணிப் பார்ப்பியா?” என்று கேட்டுவிட்டு, மோதிரத்தைக் கழற்றி வாங்கிக்கொண்டு போனான்.

“பார்த்தியா லூதர்” என்றாள் அன்று என்னிடம். “ஒரு கேள்வி தாங்கல அவனுக்கு. ஆயுசு பூரா எப்படித் தாங்கியிருப்பான்?”

அந்த லூதர் நான்தான். லூதர் ராஹ்ன். துறைமுகத்தில் இழுவைப் படகு ஓட்டியவன். டோலன் வீட்டுக்கும் எங்கள் வீட்டுக்கும் நடுவில் ஒரே ஒரு செங்கல் சுவர். அவர்கள் கத்தோலிக்க ஐரிஷ்காரர்கள், நாங்கள் லூத்தரன்கள். அவர்கள் வெள்ளிக்கிழமை மீன் வறுத்தால் எங்கள் வீட்டுத் திரைச்சீலையெல்லாம் மணக்கும். என் மனைவி இறந்த பிறகு வெள்ளிதோறும் பிலோமினா எனக்கு ஒரு கிண்ணம், தக்காளி போட்டு வேகவைத்த சிவப்புச் சோறு கொண்டுவந்து கொடுப்பாள். கிண்ணத்தை அன்றைக்கே திருப்பித் தந்துவிட வேண்டும். தராவிட்டால் நான் அதை அடித்துக்கொண்டுபோகப் பார்க்கிறேன் என்று ஆகிவிடும். இருந்தாலும் இந்த ஊரில் அவள் கொஞ்சமாவது நம்பிய ஆள் நான் ஒருவன்தான் என்று எனக்குள் ஒரு பெருமை இருந்தது. அந்தப் பெருமைக்குத்தான் ஆபத்து வந்தது.

அவளுடைய அப்பா மார்ட்டின் டோலன் ரயில் பட்டறையில் வேலை பார்த்தவர். பிலோமினா பள்ளியில் சேர்ந்திருந்த புதிதில் ஒரு சனிக்கிழமை, இரவு வேலை முடித்து மாடியில் தூங்கி எழுந்து சாப்பிட வந்தவர், படியில் வழுக்கி விழுந்து கழுத்தெலும்பு முறிந்து இறந்துபோனார். அப்போது அவர்கள் வீட்டு மாடியில் எல்லிஸ் வார்ன்கேட் என்று ஒரு ஒல்லியான மனிதர் குடியிருந்தார். பகலெல்லாம் டைப்ரைட்டர் தட்டுவார். துக்கம் நடந்த கொஞ்ச நாளில் அறையைக் காலி பண்ணிக்கொண்டு வடக்கே போனார். சில வருஷம் கழித்து ‘வழுக்குப் படி’ என்று ஒரு நாவல் எழுதினார். அதில் மிஸஸ் க்ரோவ் என்று ஒரு வீட்டுக்காரி வருவாள். புருஷன் தூங்கும்போது படிகளுக்கு மெழுகு பூசி அவனைத் தீர்த்துக்கட்டுவாள். பிறகு மெழுகு போக வினிகர் போட்டுத் துடைத்துவிடுவாள். நாடு முழுக்கப் படித்தது.

யார் அந்த மிஸஸ் க்ரோவ் என்று ஊருக்குச் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. பிலோமினாவின் அம்மா ஹானோரா டோலன் கோயிலுக்குப் போனால் பக்கத்து இருக்கை காலியாகவே இருக்கும். அந்த அம்மாள் ஒருவரிடமும் ஒரு வார்த்தை மறுத்துப் பேசவில்லை. வீட்டில் அந்தப் புத்தகம் நுழையக் கூடாது என்று மட்டும் சொல்லியிருந்தாள். அம்மா இறந்து எத்தனையோ காலம் ஆகியும் பிலோமினா அதைத் தொட்டதில்லை. வாசகர்கள் புத்தகத்தோடு வந்து வாசல்கதவைத் தட்டத் தொடங்கியபோது ஹானோரா அந்தக் கதவை உள்ளே ஆணி அடித்துச் சாத்தினாள். ஒரு வருஷம் அம்மா, பிலோமினா, அவளுடைய அண்ணன் மூவரும் உயரமான வாசற்படிக்கு அடியில் இருக்கும் கீழ்க்கதவு வழியாகத்தான் போய்வந்தார்கள். ஆணி அடித்த சத்தம் எங்கள் சுவர் வழியாகக் கேட்டது எனக்கு இன்றும் நினைவிருக்கிறது.

பிலோமினா வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகுதான் எங்கள் தெருவுக்கு அந்த நடைச் சுற்றுலா வந்தது. இந்த ஊரில் பேய் காட்டுகிறேன் என்று ஒரு கூட்டம், தோட்டம் காட்டுகிறேன் என்று ஒரு கூட்டம், குதிரை வண்டியில் ஒரு கூட்டம் என்று ஏற்கெனவே நெரிசல். இது எழுத்தாளர்கள் இருந்த இடங்களைக் காட்டும் கூட்டம். வழிகாட்டியின் பெயர் ஜூலியன். சந்தன நிறக் கோட்டும் கழுத்தில் பட்டு முடிச்சும் பச்சைக் குடையுமாக வருவான். தினம் காலையில் டோலன் வீட்டு எதிரில் நிறுத்தி, குடையை நீட்டி மேல்மாடி ஜன்னலைக் காட்டுவான். கூட்டத்தில் யாராவது ‘ஓ’ என்பார்கள்.

ஜன்னல் பலகைக்குப் பின்னால் நின்று பிலோமினா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருப்பாள். நாவலில் இருப்பதை மட்டும் அவன் சொல்லிக்கொண்டிருந்தவரைக்கும் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள். ஒருநாள் அவன் புதிதாக ஒன்றைச் சேர்த்தான். “இது புத்தகத்துல கிடையாது, உங்களுக்கு மட்டும் சொல்றேன். புருஷன் செத்ததும் அந்தம்மா இந்த வாசக்கதவ உள்ளேர்ந்து ஆணி அடிச்சு மூடிட்டா. அவன் ஆவி திரும்பி வந்துடக் கூடாதாம்!”

ஆணி அடித்த விஷயம் வெளியில் யாருக்கும் தெரியாது. அவள் வீட்டாருக்குத் தெரியும். சுவருக்கு இந்தப் பக்கம் இருந்த எனக்குத் தெரியும்.

அந்த வெள்ளிக்கிழமை சிவப்புச் சோறு வரவில்லை. அடுத்த வெள்ளியும் வரவில்லை. உடம்புக்கு என்ன என்று கேட்கப்போனால் கதவுச் சங்கிலியை எடுக்காமல் இடுக்கு வழியாகப் பேசினாள்.

“நல்லாத்தான் இருக்கேன். நீ எப்படி? இப்பல்லாம் நிறையப் பேரோட பேசறாப்பல இருக்கு?”

“யாரோட பேசறேன்?”

“நீதான் சொல்லணும்.”

எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. தபால்காரனை நிறுத்தி நான் யாருக்குக் கடிதம் போடுகிறேன் என்று விசாரித்திருக்கிறாள். என் வீட்டுக் குப்பைத்தொட்டியில் புதிய மது பாட்டில் இருந்ததைப் பார்த்து, “ஏது, கை தாராளமா இருக்கே?” என்று கேட்டாள். அது என் மருமகன் வாங்கிவந்தது. அப்படிச் சொன்னபோது, “எந்த மருமகன்?” என்றாள். கவுண்டரில் கேட்ட அதே குரல். அப்போதுதான் என்மேல் ஏதோ சந்தேகம் என்று புரிந்தது.

பிறகு திடீரென்று ஒருநாள் கதவைத் தட்டினாள். பெரிய வைக்கோல் தொப்பியும் கறுப்புக் கண்ணாடியும் போட்டிருந்தாள்.

“லூதர், நாளைக்குக் காலைல அந்த எழுத்தாளர் நடைக்குப் போறேன். நீயும் வா.”

“நம்ம தெருவ நாமளே காசு குடுத்துப் பார்க்கணுமா?”

“வரமாட்டியா? ஏன், அவன் உன்னப் பார்த்துடுவான்னு பயமா?”

சமாதானமாகிவிட்டாள் என்று நினைத்துச் சரி என்றேன். அவள் என்னைக் கூட்டிப்போனது துணைக்கு இல்லை. என்னைப் பார்த்ததும் ஜூலியன் முகம் எப்படி மாறுகிறது என்று பார்ப்பதற்கு.

சதுக்கத்தில், பாசி தொங்கும் ஓக் மரங்களுக்கு அடியில் எல்லோரும் கூடினோம். மினசோட்டாவிலிருந்து வந்த புருஷன் பெண்டாட்டி, அப்போதுதான் கல்யாணமான ஒரு ஜோடி, பக்கத்துக்குப் பக்கம் காகிதம் ஒட்டிய ‘வழுக்குப் படி’யை மார்போடு அணைத்துக்கொண்டு ஒரு ஆசிரியை. கடிப்பூச்சிகள் காதைச் சுற்றிக்கொண்டிருந்தன. ஜூலியன் ஒவ்வொருவரையும் ஊர் கேட்டு வரவேற்றான்.

“நீங்க எந்த ஊரு மேடம்?”

“ஒஹாயோ. மிஸஸ் கிரீன்” என்றாள் பிலோமினா. வாய்நிறைய எங்கள் ஊர்க்காரர்கள் இழுத்துப் பேசும் பேச்சு. ஜூலியன் புருவம் உயர்ந்தது. அடுத்து என்னைப் பார்த்தான். பார்த்ததும் முகமெல்லாம் மலர்ந்துவிட்டது.

“அட, நம்ம வார்ன்கேட் வீட்டுப் பக்கத்து வீட்டுக்காரரு! தினம் கையாட்டுவீங்களே! கடைசியா வந்துட்டீங்களா!”

நான் தினம் வாசலில் நின்று கையாட்டுவது உண்மைதான். தெருவில் போகிற நாய்க்கும் நான் கையாட்டுவேன். பிலோமினா கறுப்புக் கண்ணாடியை மூக்கின் நுனிக்கு இறக்கி என்னைப் பார்த்த பார்வையில், நான் தொலைந்தேன் என்று தெரிந்தது.

நடை முழுக்க அவள் என் பின்னாலேயே வந்தாள். ஒரு கவிஞர் குடித்து விழுந்த மதுக்கடை, ஒரு நாடகக்காரர் உட்கார்ந்து எழுதிய பெஞ்சு என்று ஜூலியன் ஒவ்வொன்றாகக் காட்டினான். பெஞ்சைப் பற்றிச் சொல்லும்போது பிலோமினா என் காதில், “போன வருஷந்தான் நகராட்சி போட்ட பெஞ்சு இது” என்றாள். பிறகு என்னோடு பேசக் கூடாது என்பது நினைவுக்கு வந்து விலகிக்கொண்டாள்.

அவள் வீட்டு எதிரில் வந்து நின்றோம். தன் வீட்டைத் தெருவின் எதிர்ப்பக்கத்தில் நின்று அவள் அவ்வளவு நேரம் பார்த்திருக்கமாட்டாள். சமையலறை விளக்கை அணைக்காமல் வந்திருந்தாள். அது இங்கிருந்தே தெரிந்தது. ஜூலியன் குரலைத் தாழ்த்தி மெழுகு, வினிகர், ஆணி எல்லாவற்றையும் சொல்லிமுடித்தான்.

“அந்தம்மா கொன்னாங்கன்னு நிஜமாவே நெனைக்கிறீங்களா?” என்றாள் புதுப்பெண்.

“எல்லிஸ் வார்ன்கேட் அப்ப மாடியிலதான் இருந்தாரு, கண்ணு. அவரு கண்ணால பார்க்காத எதையும் எழுதினதில்ல.”

“ஆணி அடிச்சத யாரு பார்த்தா?” என்று கேட்டாள் பிலோமினா. கூட்டம் திரும்பிப் பார்த்தது.

“அது… எங்களுக்கு ஒரு ஆள் இருக்காங்க, மிஸஸ் கிரீன்.”

“யாரு ஆளு?”

“அதச் சொல்லக் கூடாது.”

“எந்த வருஷம் அடிச்சாங்க? புருஷன் செத்த வருஷமா, புத்தகம் வந்த வருஷமா?”

ஜூலியன் குடையை மாற்றிப் பிடித்தான். “சாவு நடந்த… நான் அப்படித்தான் கேட்டதா ஞாபகம்.”

“யார்கிட்டக் கேட்ட? இவன்கிட்டயா?” அவள் விரல் என் நெஞ்சில் குத்தியது.

“ஐயோ, இவர்கிட்ட நான் பேசினதே கிடையாது மேடம்! சொன்னது அந்தக் குடும்பத்து ஆளே. நெசமாத்தான்.”

பிலோமினா தொப்பியைக் கழற்றினாள். குடும்பத்து ஆள் என்று உயிரோடு இருப்பவர்கள் இரண்டே பேர். ஒருத்தி அவள். இன்னொருவர் அவளுடைய அண்ணன் டெக்லன். தெற்கே ஒன்றரை மணி நேரப் பயணத்தில் இருக்கும் பிரன்ஸ்விக்கில் மீன்பிடிப் படகு எஞ்சின் பழுது பார்ப்பவர். ஞாயிறு தவறாமல் அவளுக்குப் போன் பண்ணுபவர்.

அவள் தெருவைக் கடந்து, தன் வீட்டு வாசற்படி ஏறி, சாவி போட்டுக் கதவைத் திறந்து உள்ளே போனாள். மினசோட்டாக்காரர் போட்டோ எடுத்தார்.

மறுநாள் அவள் காரில் நாங்கள் பிரன்ஸ்விக் போனோம். நான் ஏன் போனேன் என்றால், “உன்ன நான் சந்தேகப்பட்டேன்” என்று அவள் சொன்னாள். “தெரியும்” என்று நான் சொன்னேன். “அப்ப ஏறு” என்றாள். எங்களுக்குள் மன்னிப்பு அவ்வளவுதான். வழியெல்லாம் உப்புச் சதுப்பும் புல்லும். அவள் ஒரே ஒருமுறை வாயைத் திறந்தாள். “கூடப் பிறந்தவனே விக்கறான் பாரு.”

டெக்லன் பட்டறையில் கையெல்லாம் கிரீஸோடு இருந்தார். தங்கையைப் பார்த்ததும் சிரித்தார், அவள் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பை நிறுத்தினார். அவர் மனைவி ஜோலீன் இனிப்புத் தேநீர் கொண்டுவந்து வைத்தாள். யாரும் தொடவில்லை.

“அந்தக் குடைக்காரன்கிட்ட எவ்வளவு நாளா பேசிட்டிருக்க?”

டெக்லன் கையைத் துடைத்துக்கொண்டே இருந்தார். “ஒரே ஒரு தடவ. ஜோலீன் வீட்டுச் சொந்தக்காரங்க வந்தப்ப அந்த நடைக்குப் போனோம். நம்ம வீட்டு முன்னால நின்னுக்கிட்டு, அம்மா குத்த உணர்ச்சியில வெளியே தலகாட்டலன்னான். எனக்குப் பொறுக்கல. தனியாக் கூப்ட்டு, அம்மா கதவ அடச்சது புத்தகம் படிச்சுட்டு வந்து தட்டுற கழுதைங்களாலதாண்டா, அப்பா சாவுக்கும் அதுக்கும் சம்பந்தம் இல்லடான்னு சொன்னேன். அத அவன் இப்படித் திருப்பிட்டானா?”

“ஆவி வந்துடும்னு அடிச்சாங்களாம்.”

“நாசமாப் போக.”

அதோடு முடிந்திருக்கலாம். ஆனால் பிலோமினாவுக்கு ஒரு பதிலில் எங்கே ஓட்டை என்று தெரியும். அதுதானே அவள் தொழில்.

“நீ சொல்றப்ப, அம்மா பண்ணலன்னு அவன்கிட்டச் சொன்னியா?”

“சொன்னேன்.”

“எப்படித் தெரியும் உனக்கு? நீ அப்பச் சின்னப் பையன். எனக்கே தெரியாது. ராத்திரி பகலா அந்தச் சந்தேகத்தோடதான் அந்த வீட்டுல இருக்கேன். ஒவ்வொரு தடவ படி ஏறும்போதும் அம்மா பண்ணியிருப்பாங்களோன்னு நெனைக்காம நான் ஏறினதில்ல. உனக்கு மட்டும் எப்படி அவ்வளவு நிச்சயம்?”

டெக்லன் கை துடைத்த துணியை மடித்தார், மறுபடி பிரித்தார்.

“அப்ப அவங்கதான் பண்ணாங்க.”

“இல்ல ஃபிலோ.”

“அப்ப மெழுகே இல்லையா? அந்த எழுத்தாளன் புளுகினானா?”

“மெழுகு இருந்துச்சு.”

பட்டறைக்கு வெளியே ஏதோ படகு எஞ்சின் இரைந்து ஓய்ந்தது. ஜோலீன் எழுந்து உள்ளே போய்விட்டாள். அவளுக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். நானும் எழுந்தேன். “நீ உக்காரு” என்றாள் பிலோமினா, என்னைப் பார்க்காமல்.

“யாரு பூசினா டெக்லன்?”

அவர் துணியைக் கீழே வைத்தார். தங்கையைப் பார்த்தார். அவ்வளவுதான். நான் அந்த நொடியில் அவள் முகத்தைப் பார்த்தேன். இவ்வளவு காலம் எல்லோரையும் நிற்கவைத்துக் கேள்வி கேட்ட முகம், கேள்வி எதுவும் கிடைக்காமல் நின்றது.

மெதுவாகத்தான் அவர் சொன்னார். சனிக்கிழமைகளில் அம்மா கூடத்து மரத் தரை பளபளக்க மெழுகு போடுவாள். படிக்கு ஒருபோதும் போடமாட்டாள், வழுக்கும் என்று தெரியும். அன்று அம்மா அடுப்படியில் இருந்தபோது பிலோமினா டப்பாவையும் துணியையும் எடுத்துக்கொண்டு போய் மேல்படிகளில் தேய்த்துக்கொண்டிருந்தாள். அம்மாவுக்கு உதவியாக. டெக்லன் பார்த்தார், ஒன்றும் தோன்றவில்லை, விளையாடப் போய்விட்டார். சத்தம் கேட்டுத் திரும்பி வந்தபோது அப்பா கீழே கிடந்தார். அம்மா படியில் மண்டியிட்டு வினிகரில் நனைத்த துணியால் தேய்த்துக்கொண்டிருந்தாள். மாடி அறை வாசலில் வார்ன்கேட் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

“அம்மா தொடச்சத அவரு பார்த்தாரு. யாருக்காகத் தொடச்சாங்கன்னு பார்க்கல” என்றார் டெக்லன். “ஃபிலோவுக்கு இது தெரியவே கூடாதுன்னு அம்மா என்கிட்டச் சத்தியம் வாங்கினாங்க. ஊரு என்ன பேசினாலும் பேசிட்டுப் போகட்டும்னாங்க.”

பிலோமினா நிமிர்ந்து உட்கார்ந்தாள். “டப்பா என்ன கலரு?”

“மஞ்சள். மூடியில தேனீ படம்.”

“நான் என்ன கவுன் போட்டிருந்தேன்?”

“தெரியல.”

“நல்லா யோசிச்சுச் சொல்லு.”

“தெரியல ஃபிலோ. ஞாபகமில்ல.”

அவள் கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள். அண்ணன் தோளில் கை வைத்தாள், கிரீஸ் ஒட்டும் என்றுகூடப் பார்க்காமல். வாசல்வரை போய் நின்று, “இவ்வளவு நாள் வாய மூடிட்டு எப்படிடா இருந்த?” என்று கேட்டாள். அந்தக் கேள்விக்கு அவள் பதில் எதிர்பார்க்கவில்லை.

காரில் வரும்போது பாதிவழியில், “கவுன் கலரச் சொல்லியிருந்தான்னா நான் நம்பியிருக்கமாட்டேன்” என்றாள். “பொய் சொல்றவனுக்குத்தான் துணி கலரெல்லாம் ஞாபகமிருக்கும்.” அப்புறம், “உனக்கு ஏதாவது தெரியுமா லூதர்?” என்றாள்.

எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். துக்கத்துக்குப் பிறகு சனிக்கிழமை ஆனால் ஹானோரா அம்மாள் பிலோமினாவை எங்கள் வீட்டுக்கு அனுப்பிவிடுவாள். தரைக்கு மெழுகு போட்டு முடித்துக் காயும்வரை எங்கள் வீட்டிலேயே வைத்துக்கொள்ளச் சொல்வாள். எங்கள் அம்மா, பாவம் அந்தப் பெண்ணுக்குத் துக்கம் நடந்த வீடு பயமாக இருக்கும் போல என்று சொல்லிக்கொண்டிருந்தாள். இதைச் சொன்னேன். பிலோமினா வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டாள். சதுப்புப் பக்கமாக முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அழுதாளா என்று தெரியாது. கறுப்புக் கண்ணாடி போட்டிருந்தாள்.

அந்த வாரமே நூலகத்திலிருந்து ‘வழுக்குப் படி’யை எடுத்துவந்து ஒரே மூச்சில் படித்தாள். “மிஸஸ் க்ரோவ் தொடைக்கிறப்ப அழுவறான்னு எழுதியிருக்கான்” என்றாள். “ஏன் அழுவறான்னு ஒரு பக்கத்துக்கு விளக்கம் வேற. கழுத. பக்கத்துல போயி ஒரு வார்த்த கேட்டிருந்தான்னா தீர்ந்துச்சு.”

பிறகு ஜூலியனை மறித்து, கூட்டம் கலைந்ததும் வாசற்படியில் உட்காரவைத்துத் தேநீர் கொடுத்தாள். மிஸஸ் கிரீன் இல்லை, தான்தான் அந்த வீட்டுப் பெண் என்று சொல்லி, நடந்ததை நடந்தபடி சொன்னாள். நான் என் வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன்.

ஜூலியன் தம்ளரைக் கீழே வைத்தான். மரியாதையாகத்தான் பேசினான். “மிஸ் பிலோமினா, அம்மா பேர காப்பாத்தணும்னு நீங்க பாடுபடறது எனக்குப் புரியுது. ஆனா அன்னைக்கு ஒஹாயோன்னீங்க. இன்னைக்கு இதச் சொல்றீங்க. நான் எத நம்புறது?”

அவள் அவனைப் பார்த்தாள். பிறகு சிரித்தாள். அவள் அப்படி வாய்விட்டுச் சிரித்து நான் பார்த்தது குறைவு. “இந்தப் பார்வைய நான் எத்தன பேர்மேல போட்டிருக்கேன் தெரியுமா தம்பி?” என்றாள். “இப்பத்தான் தெரியுது, இது எப்படிச் சுடும்னு.”

அவன் நம்பினானோ இல்லையோ, கொஞ்ச நாளில் பேச்சை மாற்றிக்கொண்டான். வார்ன்கேட் இங்கே தங்கினார், நாவலில் வரும் கொலை அவருடைய கற்பனை, அந்த வீட்டம்மா ஊருக்கு நல்லவள் என்று சொல்லி அடுத்த தெருவுக்குக் கூட்டிப்போனான். ஜன்னல் பலகைக்குப் பின்னால் நின்று கேட்ட பிலோமினா சந்தோஷப்படவில்லை. “திடீர்னு இவன் ஏன் இவ்வளவு நல்லவனாயிட்டான்? ஏதோ இருக்கு” என்றாள். சிவப்புச் சோறு மட்டும் மறுபடி வரத் தொடங்கியது.

ஆனால் அவள் சரியாகத் தூங்கவில்லை. சுவர் வழியாக நடமாட்டம் கேட்கும். படிகளில் ஏறுவாள், இறங்குவாள், மேல்படியில் வெகுநேரம் நிற்பாள். கடைசியில் கோயிலில் சாமியாரிடம் பாவத்தைச் சொல்லி மன்னிப்புக் கேட்கும் பாவசங்கீர்த்தனத்துக்குப் போனாள். அறியாத வயதுக் குழந்தை அம்மாவுக்கு உதவி செய்யப் போனது பாவமே இல்லை, கடவுள் அதை எழுதியே வைக்கமாட்டார் என்று சாமியார் சொல்லி ஆசீர்வதித்து அனுப்பினார்.

வெளியே வந்து என்னிடம், “வயசான மனுஷன், சீக்கிரம் சாப்பிடப் போகணும்னு அப்படிச் சொல்லி அனுப்பிட்டாரு” என்றாள். அடுத்த வாரம் ஊரின் மறுகோடியில் இருக்கும் இன்னொரு கோயிலுக்கு, முன்பின் தெரியாத இளம் சாமியாரிடம் போய் முதலிலிருந்து எல்லாவற்றையும் சொன்னாள். அவரும் அதையே சொன்னார். ஏறக்குறைய அதே வார்த்தைகளில்.

நான் காரில் காத்திருந்தேன். வந்து கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்தாள். முகம் எவ்வளவோ இளகியிருந்தது. தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள்.

“என்ன சொன்னாரு?” என்றேன்.

“ரெண்டு பேரும் முன்னாடியே பேசி வச்சிருக்காங்க” என்றாள்.